நாயை வெச்சு சொல் விளையாட்டுப் புத்தகம்: எது கடிக்கும், எது பல் இளிக்கும்?

#1 திறந்தபக்கம்

வணக்கம். பெரம்பூர் பக்கம் ஒரு படிப்பகத்துக்காக, 5 முதல் 8 வயதுப் பிள்ளைகளுக்கு ஒரு சின்னப் புத்தகம் தயாராகுது. 16 உள்பக்கம், தனி அட்டை, டெமி 1/8 அளவு (21.5 செ.மீ. உயரம்), 500 பிரதி. கதை கிடையாது, முழுக்கச் சொல் விளையாட்டு. நாய்தான் நாயகன் (இந்தச் சிலேடை புத்தகத்தில் வராது, பயப்படாதீங்க).

சிக்கல் இதுதான். பூனை, யானை, மாடு எல்லாம் எப்படி மடக்கினாலும் மடங்குது. நாய் மட்டும் முரண்டு பிடிக்குது. வெளிநாட்டுப் புத்தகத்தை மொழிபெயர்த்த வாடையும் வரக் கூடாது. நாய்க்கு எந்தெந்த விளையாட்டு பொருந்தும்? அச்சுல எதைக் கவனிக்கணும்?

#2 விகடவாலு

முரண்டுக்குக் காரணம் எழுத்தமைப்பு. ‘நாய்’ இரண்டே எழுத்து, இரண்டாவது ய். தமிழ்ச் சொல் எதுவும் மெய்யெழுத்தில் தொடங்காது. அதனால் திருப்பிப் போட்டா ‘ய்நா’, ஒண்ணும் தேறாது. ஒரு சொல்லின் வாலிலும் அடுத்த சொல்லின் தலையிலும் விலங்கை ஒளிச்சு வைக்கிற ஆட்டத்திலும் இதே கதிதான். முதல் சொல் ‘நா’வில் முடியலாம், அடுத்தது ‘ய்’யில் தொடங்க முடியாதே. இதுக்கு எலி, ஆடு, அணில், ஒட்டகமும் உதவாது. உயிரெழுத்து சொல்லுக்கு நடுவில் வராது, எட்டிப் பார்த்ததும் மாட்டிக்கும்.

ஆனா இயைபுல நாய் ராஜா. காய், தாய், பாய், வாய், சாய், பேய், நோய்னு பட்டாளமே இருக்கு. 5 வயசுக்கு முதல் பக்கம் இப்படி வைக்கலாம்:

பாய் மேலே நாய்
நாய் வாயில் காய்
காயைக் கேட்டது தாய்
‘லொள்’னு குலைத்தது நாய்
உருண்டு போச்சு காய்!

வாயைத் திறந்தா காய் விழும் என்பதுதான் இதன் கதை. அதைப் படம் சொல்லட்டும், வரி விளக்க வேண்டாம்.

ஒரு நேரத்தில் ஓர் எழுத்தை மட்டும் மாத்துற ஏணி ஆட்டமும் நாய்க்கு நடக்கும். நாய், நாடு, மாடு, ஆடு: மூணே படியில் நாய் ஆடாகிடும். இன்னொண்ணு: புலி, கலி, கரி, நரி. இதில் கரி என்றால் யானை, அதனால் மூணு விலங்கு கிடைக்கும். ‘நா’வை ‘மா’ ஆக்குவது ஓர் எழுத்து மாற்றம்தான். துணைக்காலைத் தனியா எண்ணாதீங்க, பிள்ளைங்க குழம்பிடும்.

#3 எழுத்தெண்ணி

‘ய்நா தேறாது’ என்பது பாதி சரி. நடுவில் ஓர் எழுத்தைச் செருகி, கடைசியில் ‘நா’வில் முடிச்சா தேறும்:

நாய் வாய் நா

நா, ய், வா, ய், நா. முன்னிருந்தும் பின்னிருந்தும் ஒண்ணுதான். நாயின் வாயில் உள்ள நாக்குன்னு பொருளும் நிக்குது. நாய்க்கு மாலைமாற்று இல்லைன்னு இனி யாரும் சொல்ல வேண்டாம்.

மத்த விலங்குக்கு வார்ப்பு சுலபம். ‘மாடு ஓடுமா?’ என்பதில் நடு எழுத்தை மட்டும் மாத்துங்க: மாடு ஆடுமா, மாடு பாடுமா, மாடு தேடுமா. யானைக்கு ‘யானை பூனையா?’, ‘யானை பானையா?’ ரெண்டும் சரி. ‘யானை வீணையா?’ வேலைக்கு ஆகாது. காதுக்குச் சரியாப் படும், ஆனா அங்கே ணை, இங்கே னை. பிழைதிருத்தம் பார்க்கிறவங்க அர்த்தத்தைப் பார்ப்பாங்க, இதைப் பார்க்க மாட்டாங்க. எழுத்தைத் தனித்தனிக் கட்டத்தில் எழுதிச் சரிபாருங்க.

கணினியில் ‘எழுத்தைத் திருப்பு’ என்கிற இலவசக் கருவிகளை நம்ப வேண்டாம். யூனிகோடில் ‘நாய்’ நாலு குறியீடு: ந, துணைக்கால், ய, புள்ளி. பெரும்பாலான கருவி இந்த நாலையும் தனித்தனியாத் திருப்பும். புள்ளி முன்னாடி போய் வெற்று வட்டத்தில் உட்கார்ந்துக்கும். சரியான மாலைமாற்றையும் ‘இல்லை’ன்னு சொல்லிடும்.

#4 மூன்றாம்பெஞ்ச்

எல்லாரும் புலமை காட்டிட்டீங்க. நாய்க்குப் பொருத்தமானது கடி ஜோக்தானே!

நாயைப் பார்த்து ‘ஓ’ போட்டா? ஓநாய்.
மரத்துல ஏறினா? மரநாய்.
மழையில நனைஞ்சு வந்தா? நீர்நாய்.
மெரினாவுக்குப் போனா? கடல்நாய்.
குங்குமத்துல புரண்டா? செந்நாய்.

அஞ்சும் ஒரே அச்சு, அதனால வரிசை முக்கியம். ‘ஓ’ முதல்ல, செந்நாய் கடைசியில. ‘செம்’னா சிவப்புன்னு தெரிஞ்சாத்தான் சிரிப்பு வரும். அஞ்சையும் அடுத்தடுத்த பக்கத்துல வெச்சீங்கன்னா மூணாவதுலயே பிள்ளைங்க விடையைக் கத்திடும். அது நல்லதுதான், ஆனா அஞ்சாவது அவங்க எதிர்பார்க்காததா இருக்கணும். ‘சம்பளம் இல்லாத காவல்காரன் யாரு’ன்னு மட்டும் தயவுசெஞ்சு போடாதீங்க, அது பல் விழுந்த ஜோக்.

#5 கோட்டோவியம்

மூன்றாம்பெஞ்ச் அஞ்சுக்கும் படம் போடுறவங்க கவனத்துக்கு: இதுல ரெண்டுதான் நாய்க் குடும்பம், ஓநாயும் செந்நாயும். மரநாய் புனுகுப்பூனைக்குச் சொந்தம். சென்னையில் பழைய ஓட்டு வீட்டுக் கூரைகளிலும் கிண்டி மரங்களிலும் இருக்கிறதே, அதுதான். நீர்நாய் மீன் தின்கிற வேறொரு குடும்பம், காவிரியில் உண்டு. கடல்நாய் நம்ம கடற்கரையில் கிடையாது, அது குளிர்கடல் பிராணி. மெரினா மணலில் சுண்டல் பொட்டலத்தோட அதை உட்கார வைக்கலாம், ஆனா புத்தகக் கடைசியில் ‘நிஜத்தில் யார் யார்’ என்று ஒரு பத்தி இருக்கட்டும். செந்நாய் குரைப்பதில்லை, விசிலடிக்கிற மாதிரி ஒலி எழுப்பும். ஒலிப் பக்கத்தில் அதுக்கு ‘லொள்’ போட்டுடாதீங்க.

நாய் படத்துக்கும் ஒரு வார்த்தை. தமிழ்ப் பாட்டு, பக்கத்துல லாப்ரடார்! இணையத்தில் சுலபமாக் கிடைக்கிற படம் அதுதான், அதனால்தான் இந்தக் கூத்து. தெருநாயை வரையுங்க: நிமிர்ந்த காது, ஒல்லி வயிறு, மேல்நோக்கிச் சுருண்ட வால். கருத்தடை செஞ்ச நாய்க்குக் காது நுனியில் சின்னதா வெட்டு இருக்கும். அதைப் போட்டா பிள்ளைங்க ‘எங்க தெரு நாய்’னு உடனே கண்டுபிடிப்பாங்க. ராஜபாளையம் போடுறதா இருந்தா வெள்ளை உடம்பு, இளஞ்சிவப்பு மூக்கு. கறுப்பு மூக்கு வரைஞ்சா தெரிஞ்சவங்க பிடிச்சுக்குவாங்க.

#6 இலக்கணக் குருவி

நாய்ச் சிலேடைக்கு 15ஆம் நூற்றாண்டிலேயே காளமேகப் புலவர் வழி போட்டிருக்கிறார். நாய்க்கும் தேங்காய்க்கும் ஒரே வெண்பா:

ஓடும் இருக்கும் அதன் உள்வாய் வெளுத்திருக்கும்
நாடும் குலைதனக்கு நாணாது

தேங்காய்க்கு ஓடு உண்டு, ‘ஓடும் இருக்கும்’. நாய் ஓடும், பிறகு ஓரிடத்தில் இருக்கும். தேங்காயின் உட்புறம் வெள்ளை. நாயின் வாய்க்குள்ளும் வெளுப்பு. தேங்காய் குலையாகத் தொங்கக் கூசாது. நாய் குலைக்கக் கூசாது. ‘குலை’ என்ற ஒரு சொல்லில்தான் கடைசிப் பூட்டு விழுகிறது.

இங்கேதான் விபத்து நடக்கும். பாடப்புத்தக மரபுப்படி ‘நாய் குரைக்கும்’. பிழைதிருத்துபவர் ‘குலைக்கும்’ என்பதைப் பார்த்ததும் ‘குரைக்கும்’ என்று திருத்திவிடுவார். சிலேடை அங்கேயே செத்துவிடும். விகடவாலுவின் பாட்டில் உள்ள ‘குலைத்தது’க்கும் அதே ஆபத்து உண்டு. கையெழுத்துப்படியின் ஓரத்தில் ‘வேண்டுமென்றே, மாற்றாதீர்’ என்று எழுதி வட்டம் போடுங்கள். அச்சுக்குப் போகும் கோப்பிலும் அந்தக் குறிப்பு தனித்தாளாகப் போகட்டும்.

இலக்கணம் இதை இரண்டாகப் பிரிக்கிறது. சொல்லைப் பிரிக்காமலே இரு பொருள் தந்தால் செம்மொழிச் சிலேடை. ‘ஆடு ஆடு’ என்றால் ஒன்று விலங்கு, ஒன்று கட்டளை. பிரித்தால்தான் இரு பொருள் என்றால் பிரிமொழிச் சிலேடை. ‘ஓ, நாய்!’ அந்த வகை. சிறு பிள்ளைகளுக்குப் பிரிமொழிதான் எளிது. கைதட்டி இரண்டாக உடைத்துக் காட்டலாம். செம்மொழிக்கு இரு பொருளும் முன்பே தெரிந்திருக்க வேண்டும்.

#7 வாசிப்பு அக்கா

குருவியாரே, வெண்பா பிரமாதம். 5 வயசுக் குழந்தைக்கு முழுசா வாசிச்சா தூங்கிடும். முதல் அடியை மட்டும் எடுத்துக் கேள்வியாக்குங்க: ‘ஓடும், இருக்கும், உள்ளே வெள்ளை, நான் யாரு?’ ஒரு குழந்தை நாய்னு சொல்லும், ஒண்ணு தேங்காய்னு சொல்லும். ரெண்டும் சரின்னு சொல்ற இடத்துல சிரிப்பு தானா வரும். ‘ஓடும்’ சொல்லும்போது ஒரு கையால் மண்டையைத் தட்டிக் காட்டணும், இன்னொரு கை விரலால் ஓடிக் காட்டணும். படத்துலயும் தேங்காய் மூணு கண்ணோட நாய் மூஞ்சி மாதிரியே இருக்கட்டும்.

உரக்க வாசிக்கிற புத்தகத்துக்கு ஒரே சோதனைதான். ஒருத்தர் வாசிக்க, இன்னொருத்தர் தாளைப் பார்க்காம கேக்கணும். பார்த்தாத்தான் புரியுதுன்னா அது எழுத்து விளையாட்டு, கேட்டாலே புரிஞ்சா அது ஒலி விளையாட்டு. ரெண்டையும் ஒரே பக்கத்துல கலக்காதீங்க. மாலைமாற்று பார்த்தால்தான் புரியும், அதனால் அந்தப் பக்கத்தை வாசிக்கிறவர் புத்தகத்தைத் திருப்பிக் காட்டணும். ‘லொள்ளு’ காதுக்கு மட்டுமே போதும்: நாய் போடுறதும் லொள்ளு, அண்ணன் பண்றதும் லொள்ளு. சென்னையில் இதுக்கு விளக்கமே வேண்டாம்.

#8 விகடவாலு

அக்கா சொல்ற சோதனைப்படி பார்த்தா புலி/புளி என்ன ஆகும்? புளியந்தோப்பை வெச்சு ஒரு பக்கம் போடலாமேன்னு தோணுது. ‘புலியந்தோப்பு’ன்னு பலகை, அடியில நாய் நடுங்குது.

#9 வாசிப்பு அக்கா

பலகை இருந்தா ஓடும், அது எழுத்து விளையாட்டு. காதுக்கு மட்டும்னா சந்தேகம்தான். ல, ள வித்தியாசம் தெளிவா வர்ற வாய்க்குப் புலியும் புளியும் வேற வேற, சிலேடையே விழாது. அதைவிட ர/ற பரவாயில்லை. சென்னைப் பேச்சுல கரியும் கறியும் ஒரே ஒலி. ‘யானை சமைச்சா என்ன கிடைக்கும்? கரிக் கறி’ன்னா காதுக்கு ரெண்டு தடவை ஒரே சொல் விழுது.

#10 இலக்கணக் குருவி

எதிர்ப்பு பதிவு செய்கிறேன். எழுத்துக் கற்கும் வயதில் கரி, கறியைக் குழப்பிவிட்டால் தேர்வுத்தாளில் யார் பதில் சொல்வது? விடைப் பக்கத்தில் இரண்டு எழுத்துக்கூட்டலையும் பெரிதாகப் போட்டு, ரி ஒரு நிறம், றி வேறு நிறம் என்று காட்டுவதானால் சம்மதம். இல்லையென்றால் அந்தப் பக்கமே வேண்டாம்.

#11 வாசிப்பு அக்கா

நிறம் சரி. ஆனா விளக்கம் விடைக்குக் கீழே சின்னதா இருக்கட்டும். ஜோக்கைப் பாடமாக்கிட்டா அடுத்த பக்கம் புரட்ட மாட்டாங்க.

#12 திறந்தபக்கம்

ரெண்டு வழியும் குறிச்சாச்சு. உரு மாத்துற புத்தகம் (தலை ஒண்ணு, வால் ஒண்ணு) இந்த அளவில் முடியுமா?

#13 கோட்டோவியம்

முடியும், ஆனா அது தனிப் புத்தகம். பின் அடிச்ச 16 பக்கத்துக்குள் திணிக்காதீங்க. தமிழ்ல இதுக்கு அருமையான அஞ்சு பேர் இருக்கு: குதிரை, கழுதை, முதலை, எருமை, தவளை. எல்லாம் மூணெழுத்து, எல்லாம் ஐகாரத்தில் முடியுது, முதல் ரெண்டெழுத்தும் குறில். குதி-ரை, கழு-தை, முத-லை, எரு-மை, தவ-ளை. மாத்திப் போட்டா குதிளை, கழுமை, முதரை... 25 பேர் வரும், அதில் 5 நிஜம். தற்செயலா ரெண்டு நிஜச் சொல்லும் விழும்: ‘எருதை’ (எருது + ஐ), அடை வார்க்கிற ‘தவலை’. அதை அப்படியே விடுங்க, பெரியவங்க சிரிக்கட்டும்.

நத்தையைச் சேர்க்கலாம்னு தோணும். சேர்க்காதீங்க. நத்-தை என்று உடைச்சா முதல் துண்டு மெய்யில் முடியுது, ‘நத்லை’, ‘நத்ரை’ வாயில் நுழையாது. நாயும் இதே காரணத்தால் வெளியே. வேணும்னா நாயை அட்டையில் நடுவரா உட்கார வைங்க.

செய்முறை: 250 ஜிஎஸ்எம் (தாளின் கனம்) அட்டை, குறுக்குவாக்கில், மேல்விளிம்பில் நாட்காட்டி மாதிரி வயர்-ஓ கம்பி. நடுவில் மேலிருந்து கீழே முழுசா வெட்டணும். இடப்பக்கம் தலை, வலப்பக்கம் வால், அடியில் பேர். வெட்டுக்கோட்டில் எல்லா விலங்குக்கும் முதுகு ஒரே உயரத்தில், வயிறு ஒரே உயரத்தில் வரணும். முதுகு அடியிலிருந்து 10 செ.மீ., வயிறு 6 செ.மீ. என்று முதலிலேயே பென்சில் கோடு போட்டுட்டு அப்புறம் வரையுங்க. முதலையும் தவளையும் இயல்பாத் தாழ்வா வரும், அதுங்களுக்குக் காலை நீட்டிடுங்க. இதைச் செய்யலைன்னா குதிரை முதுகுக்கும் தவளை முதுகுக்கும் நடுவில் படிக்கட்டு மாதிரி நிக்கும். கம்பித் துளை ரெண்டு பாதிக்கும் தனித்தனியா விழணும். வெட்டின இடத்திலிருந்து 5 மி.மீ.க்குள் துளை வந்தா ஒரே வாரத்தில் கிழியும்.

#14 ராயப்பேட்டை அச்சு

அச்சுப் பக்கம் சொல்றேன். டெமி 1/8, 16 பக்கம்னா ஒரு ஃபாரம் (ரெண்டு பக்கமும் அச்சடிக்கிற ஒரு முழுத்தாள்). முழு வண்ணம்னா முன்பக்கம் 4, பின்பக்கம் 4, ஆக 8 பிளேட். கறுப்பு கூட ஒரே ஒரு சிவப்புன்னு முடிவு பண்ணா 4 பிளேட்தான். நாக்கு, குங்குமம், கேள்விக்குறி எல்லாம் சிவப்பில் அடிச்சுக்கலாம். வரைஞ்ச படத்துக்கு ரெண்டு வண்ணம் அழகாவே இருக்கும். 500 பிரதிங்கிறதால டிஜிட்டல் விலையும் கேட்டு ஒப்பிடுங்க. தாள் மாதிரி பார்க்கணும்னா பாரிமுனை ஆண்டர்சன் தெருவுக்குப் போங்க.

விடுகதைக்குக் கேள்வி வலப்பக்கம், விடை அதைப் புரட்டினா வர்ற இடப்பக்கம். ஒற்றைப்படை எண் வலது, இரட்டைப்படை இடது. 1 தலைப்பு, 2 பதிப்பு விவரம். 3-ல் கேள்வி, 4-ல் விடை, இப்படியே 15, 16 வரை போனா 7 விடுகதை. ஒரு தொல்லை உண்டு. 4-ஆம் பக்க விடையும் 5-ஆம் பக்கக் கேள்வியும் எதிரெதிரே உட்காரும். விடைப் படம் பெரிசா இருந்தா அடுத்த கேள்வியை அமுக்கிடும். கேள்விப் பக்கத்துக்கு ஒரே பின்னணி நிறம், விடைப் பக்கம் வெள்ளைன்னு வெச்சா கண் தானாப் பிரிச்சுக்கும்.

தாள் 80 ஜிஎஸ்எம் மேப்லித்தோ (பளபளப்பில்லாத அச்சுத்தாள்) போட்டா விடை பின்னாடியிருந்து தெரிஞ்சு சஸ்பென்ஸ் போயிடும். கறுப்பு நாய்னா இன்னும் மோசம். குறைஞ்சது 120 மேப்லித்தோ. ஆர்ட் பேப்பர் பளபளன்னு இருக்கும், ஆனா பிள்ளைங்க பென்சில்ல எழுதினா பிடிக்காது. அட்டை 250, மேட் லேமினேஷன். சுத்தி 3 மி.மீ. பிளீடு (வெட்டுக்கோட்டைத் தாண்டிப் படத்தை நீட்டி விடுறது), எழுத்து வெட்டுவிளிம்பிலிருந்து 10 மி.மீ. உள்ளே.

‘நாய்’ புத்தகத்துக்குன்னே ஒரு எச்சரிக்கை: ய் மேல இருக்கிற புள்ளி. கறுப்புப் பின்னணியில் வெள்ளை எழுத்துப் போட்டு, மெல்லிய எழுத்துருவா இருந்தா மை பரவிப் புள்ளி அடைஞ்சுடும். புத்தகம் முழுக்க ‘நாய’ன்னு நிக்கும். வெள்ளை எழுத்துன்னா தடிமன் எழுத்துரு, 24 பாயிண்ட் அளவுக்குக் குறையாம. கறுப்பு எழுத்தை நாலு வண்ணக் கலவையா விடாதீங்க, தனிக் கறுப்பு மட்டும். கலவையில் தாள் அரை மி.மீ. நகர்ந்தாலும் புள்ளி ரெண்டா தெரியும்.

#15 எழுத்தெண்ணி

அதோட சேர்த்து: இன்டிசைனில் (பக்க வடிவமைப்பு மென்பொருள்) யூனிகோடு ஒட்டினதும் கொம்பு தனியா, எழுத்து தனியாப் பிரிஞ்சு நின்னா பத்தி அமைப்பில் ‘வேர்ல்ட்-ரெடி கம்போசர்’ தேர்ந்தெடுங்க, சேர்ந்துடும். பழைய பாமினி வகை எழுத்துருவில் தட்டச்சு செஞ்ச கோப்பைக் கலக்காதீங்க. அச்சகத்துக்கு எழுத்துரு உட்பொதிந்த பிடிஎஃப் போகட்டும், ஓப்பன் ஃபைல் கொடுத்தா அங்கே எழுத்துரு மாறி ‘லொள்’ வேற என்னவோ ஆயிடும்.

#16 கோட்டோவியம்

‘நாய் வாய் நா’ நடுப்பக்கத்துக்கு (8-9) பொருத்தம். ரெண்டு பக்கத்துக்கும் பரப்பிப் பெரிசா எழுதலாம்னு கை துறுதுறுக்கும். அஞ்செழுத்துங்கிறதால நடுவில் இருக்கிற ‘வா’ சரியா மடிப்பில் விழும், பாதி காணாமப் போகும். அதனால் எழுத்தை 9-ஆம் பக்கத்தில் மட்டும் அடக்குங்க. இல்லைன்னா மடிப்பையே வாயாக்குங்க:

நடுத்தாளை மட்டும் தனியா மடிச்சு, மடிப்பு விளிம்பின் நடுவில் உள்நோக்கி 4 செ.மீ. நேர்க்கோடு வெட்டணும். வெட்டின ரெண்டு ஓரத்தையும் முக்கோணமா மடிச்சு, நகத்தால் அழுத்தி, திரும்ப நிமிர்த்தி, மறுபக்கமும் அதேபோல மடிக்கணும். தாளைப் பாதி திறந்து, முக்கோணம் ரெண்டையும் வாசகர் பக்கமாத் தள்ளினா வாய் தயார். புத்தகத்தைத் திறந்து மூடும்போது வாயும் திறந்து மூடும். சுத்தி நாய் மூஞ்சி வரைஞ்சுக்கலாம்.

வாய்க்குள்ளே தெரியப் போறது அடுத்த தாளின் உள்பக்கம், அதாவது 6-ம் 11-ம். அந்த மடிப்பு ஓரத்தில் சிவப்பு அடிச்சா அதுதான் நாக்கு. ஆனா 6-ஆம் பக்கத்தைத் தனியாப் பார்க்கும்போது ஓரத்தில் ஒரு சிவப்புத் திட்டு காரணமில்லாம நிக்கும். அதை அந்தப் படத்தின் பாய் நுனியாவோ தக்காளியாவோ ஆக்கிடுங்க. 7, 10 பக்கங்கள் வெட்டுபடுற தாளின் முதுகு, அங்கே மடிப்போரம் எதுவும் வேண்டாம்.

#17 ராயப்பேட்டை அச்சு

இதைச் செஞ்சா மேலே சொன்ன 7 விடுகதை 5 ஆகும்: 3/4, 5/6, 11/12, 13/14, 15/16. 500 பிரதிக்கும் வெட்ட டை (வெட்டு அச்சு) செய்யணும், அது தனிச் செலவு. பணம் இல்லைன்னா புள்ளிக்கோடும் கத்தரிக்கோல் படமும் போட்டுப் பிள்ளைங்களையே வெட்ட விடலாம். அப்போ 4 செ.மீ. கோடு முடியுற இடத்தில் தடித்த புள்ளி ஒண்ணு வைங்க, இல்லைன்னா பாதி பக்கம் வரைக்கும் வெட்டிடுவாங்க. பக்க எண் கூட்டல் சரியான்னு பார்க்க: பின் அடிச்ச 16 பக்கத்தில் ஒரே தாளின் ஒரே பக்கத்தில் வர்ற ரெண்டு எண்ணும் கூட்டினா 17 வரணும். 8+9, 7+10, 6+11. வரலைன்னா தாளை அடுக்கினது தப்பு. ஏ4 தாள் நாலை மடிச்சு டம்மி ஒண்ணு கையால் செஞ்சு பார்க்காம கோப்பை அனுப்பாதீங்க.

#18 மூன்றாம்பெஞ்ச்

அகரவரிசைப் பக்கம் ஒண்ணு வேணும்னா: ஞ-வுக்கு எல்லாரும் ஞாயிறு, ஞானின்னு சாகடிக்கிறாங்க. நாய்க்கே ஞமலின்னு சங்கப் பேர் இருக்கே! ‘ஞ - ஞமலி’ போட்டு நாயை அங்கே உட்கார வைங்க. இ-க்கு இருவாச்சி, ஊ-வுக்கு ஊர்க்குருவி, ஏ-வுக்கு ஏறு. ஐ, ஔ ரெண்டுக்கும் விலங்கு தேடி மண்டையை உடைக்காதீங்க, ‘ஐந்து நாய்’ போட்டுத் தப்பிச்சுக்கலாம். ஔவுக்கு ஔவையார் பின்னாடி ஒரு நாய் நடந்து போகட்டும்.

#19 திறந்தபக்கம்

ஞமலி எடுத்தாச்சு! நாய்க்குட்டியைக் ‘குருளை’ன்னு ஒரு வரியில் போட்டிருக்கு, சிங்கத்துக்குத்தானே குருளைன்னு ஒருத்தர் கேட்டார்.

#20 இலக்கணக் குருவி

தைரியமாகப் போடுங்கள். தொல்காப்பிய மரபியலில் நாய், பன்றி, புலி, முயல் நான்கின் குட்டிக்கும் குருளை என்றே பெயர். குட்டி, பறழ் என்றும் சொல்லலாம் என்று சற்றுப் பின்னால் வரும் சூத்திரம் இடம் தருகிறது. பெண் நாய்க்குப் பிணவு. ஆனால் 5 வயதுப் பக்கத்தில் ‘குட்டி’யே இருக்கட்டும், குருளையை ஞமலியோடு ஒரே பக்கத்தில் வையுங்கள்.

இன்னொன்று. பேருக்குள் விலங்கு தேடும் பக்கம் வைத்தால் யானைக்கவுனி, மயிலாப்பூர் என்று ஊர்ப் பெயரோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மயிலாப்பூரில் எழுத்தாக ‘மயில்’ இல்லை, ம-யி-லா என்றுதான் இருக்கிறது. காதுக்கு மட்டுமே மயில். ‘நாய’ என்ற எழுத்துகள் சாமி பெயரிலும் ஆள் பெயரிலும் வரும். அங்கே நாயைத் தேடச் சொன்னால் வகுப்பில் ஒரு பிள்ளை கேலிக்கு ஆளாகும், பெற்றோரும் சண்டைக்கு வருவார்கள்.

#21 எழுத்தெண்ணி

விற்பனைக்குன்னா ஐஎஸ்பிஎன் (புத்தக அடையாள எண்) வாங்கிடுங்க, இந்தியாவில் கட்டணம் இல்லை. வெளியிட்ட 30 நாளுக்குள் கன்னிமாரா உள்பட நாலு நூலகத்துக்குப் பிரதி அனுப்பணும்னு 1954-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கு. காளமேகம் பாட்டுக்கு உரிமைச் சிக்கல் இல்லை. உரையாசிரியரின் விளக்கத்தை அப்படியே எடுத்தாத்தான் சிக்கல், அவர் இறந்து 60 வருஷம் ஆயிருக்கணும்.

#22 திறந்தபக்கம்

எல்லாருக்கும் நன்றி. கடைசியா ஒண்ணு: வாய் வெட்டுற இடமும் பின்னும் மோதாதா?

#23 ராயப்பேட்டை அச்சு

டெமி 1/8 உயரம் 21.5 செ.மீ. பின் ரெண்டும் மேலிருந்தும் கீழிருந்தும் 5 செ.மீ.யில் விழும். நடுவில் 11 செ.மீ.க்கு மேல மிச்சம். முக்கோணம் ஒவ்வொண்ணும் மடிப்பில் 3 செ.மீ.க்கு மேல போகாம மடிச்சா மோதாது. பின் முனை உள்பக்கம் நல்லாப் படிஞ்சிருக்கான்னு விரலால் தடவிப் பார்த்து வாங்குங்க, சின்னப் பிள்ளைங்க அந்த வாய்க்குள்ளதான் கையை விடுவாங்க.